தண்ணீர் செஸ் வழக்கு: கணக்குப் பிரிவு மேசையிலிருந்து சில குறிப்புகள்

ஆலைக்கு வரும் தண்ணீர்க் கட்டண நோட்டீஸ் நேராக வக்கீலிடம் போவதில்லை. முதலில் கணக்குப் பிரிவில்தான் வந்து விழும். "போன வருஷமும் இப்படி ஒண்ணு வந்ததே" என்று கோப்பில் கோத்துவிட்டு அடுத்த வேலையைப் பார்ப்பார்கள். தொகை சின்னதாக இருப்பதுதான் காரணம். துணிகளுக்குச் சாயமேற்றிப் பதப்படுத்தும் ஆலை ஒன்றில் அந்த மேசையில் பல வருடம் இருந்தவன் நான். நீர் மாசுத் தடுப்புச் செஸ், அதாவது ஒரு குறிப்பிட்ட நோக்கத்துக்காகப் போடும் தனி வரி, தொடர்பான ஒரு தகராறை நோட்டீஸ் வந்த நாளிலிருந்து கடைசி ஆணை வரை கூடவே இருந்து பார்த்தேன். அந்தச் செஸ் சட்டம் இன்று இல்லை. ஜி.எஸ்.டி. வந்தபோது, 2017 ஜூலையில், மற்றப் பல செஸ்களோடு சேர்த்து அதையும் எடுத்துவிட்டார்கள். ஆனால் சட்டம் நீங்கியதால் அதற்கு முந்தைய பாக்கி நீங்கிவிடாது. நிலத்தடி நீர் எடுப்புக் கட்டணம், ஆற்றுநீர்க் கட்டணம் என்று இப்போது நடக்கும் சண்டைகளிலும் அதே கேள்விகள்தான் திரும்ப வருகின்றன.

முதலில் பைசா கணக்கைச் சொல்லிவிடுகிறேன். 1977-ல் வந்த அந்தச் சட்டத்தின் நோக்கம், மாசுக் கட்டுப்பாட்டு வாரியங்களுக்கு வருமானம் சேர்ப்பது. தண்ணீரை எதற்குப் பயன்படுத்துகிறீர்கள் என்பதைப் பொறுத்து நான்கு விகிதம் இருந்தது. 2003 திருத்தத்துக்குப் பிறகு குளிரூட்டலுக்கும் பாய்லருக்கும் கிலோ லிட்டருக்கு 5 பைசா. வீட்டு உபயோகத்துக்கு 2 பைசா. எளிதில் மக்கும் கழிவு கலக்கும் வேலைக்கு 10 பைசா. எளிதில் மக்காத, நச்சுத்தன்மை உள்ள கழிவு கலந்தால் 15 பைசா. கழிவுநீர் விதிகளைக் கடைப்பிடிக்காத ஆலைக்கு இவையே 10, 3, 20, 30 பைசா ஆகிவிடும். சுத்திகரிப்பு நிலையம் வைத்து ஒழுங்காக நடத்துகிறவருக்கு 25 சதவீதம் தள்ளுபடி.

ஒரு பேச்சுக்கு, நாளொன்றுக்கு 3,000 கிலோ லிட்டர் எடுக்கும் ஆலையை வைத்துக்கொள்ளுங்கள். எல்லாவற்றையும் 30 பைசாவில் போட்டால் நாளுக்கு 900 ரூபாய், வருடத்துக்கு 3,28,500. அதையே பிரித்துப் போடுவோம். குளிரூட்டலுக்கும் பாய்லருக்கும் 1,000 கிலோ லிட்டர் 5 பைசாவில், குடியிருப்புக்கு 200 கிலோ லிட்டர் 2 பைசாவில், மீதி 1,800 கிலோ லிட்டர் 15 பைசாவில். நாளுக்கு 324 ரூபாய்தான் வருகிறது. வருடத்துக்கு 1,18,260. தள்ளுபடியும் கிடைத்தால் 88,695. தண்ணீர் ஒன்றுதான், மீட்டரும் ஒன்றுதான். எந்தத் தலைப்பில், எந்த விகிதத்தில் எழுதுகிறோம் என்பதில் வருடத்துக்கு இரண்டு லட்சத்துக்கு மேல் போய்விடுகிறது. இதன் மேல் தாமத வட்டி மாதம் 2 சதவீதம். ஐம்பது மாதம் இழுத்தால் வட்டி அசலைத் தொட்டுவிடும். அபராதம் தனி. அதுவும் நிலுவைத் தொகை அளவுக்குப் போகலாம். கட்டாவிட்டால் நிலவரி பாக்கியைப் போல வசூலிக்கவும் சட்டம் இடம் தந்தது. பைசாவில் தொடங்கியது மேலாளர்களின் தூக்கத்தைக் கெடுக்கும் தொகையானது இப்படித்தான்.

எங்களுக்கு வந்த மதிப்பீட்டு ஆணை பல வருடங்களைச் சேர்த்து ஒரே தாளில் இருந்தது. மொத்தத் தண்ணீரும் மிக உயர்ந்த விகிதத்தில். தள்ளுபடி இல்லை. மீட்டர் பழுதாகிக் கிடந்த மாதங்களுக்கு ஆலை இயங்க வாரியம் தரும் இசைவாணையில் அனுமதித்திருந்த உச்ச அளவையே செலவாக எடுத்திருந்தார்கள். காரணம் என்று ஒரு வரிகூட இல்லை. படித்ததும் நிர்வாகத்துக்குக் கோபம் வந்தது. "இந்தச் சட்டமே செல்லாது என்று ஐகோர்ட்டில் போடுவோம்" என்றார்கள்.

மூத்த வக்கீல் ஒருவர் ஆணையைப் படித்துவிட்டு என்னைப் பார்த்துச் சொன்னார்: "தம்பி, சட்டம் செல்லாதுன்னு வாதாட எனக்கும் ஆசைதான். ஆனா உங்க கையில இருக்கறது சட்டக் கேள்வி இல்ல, கணக்குக் கேள்வி. லாக் புத்தகத்தைக் கொண்டுட்டு வாங்க." தினமும் மீட்டர் அளவை எழுதும் பதிவேட்டைத்தான் சொன்னார்.

இந்த இரண்டையும் பிரித்துப் பார்ப்பதில்தான் பாதி வழக்கு இருக்கிறது. "இதை வசூலிக்க உங்களுக்கு அதிகாரமே இல்லை" என்பது ஒரு வழக்கு. "அதிகாரம் இருக்கிறது, ஆனால் கணக்கு தப்பு" என்பது வேறு வழக்கு. முதலாவது, அரசின் செயலை நேராக எதிர்க்கும் ரிட் மனுவாக உயர் நீதிமன்றத்துக்குப் போகும். இரண்டாவது, அந்தச் சட்டமே அமைத்துத் தந்த மேல்முறையீட்டு அமைப்புக்குப் போகும். இரண்டையும் ஒரே மனுவில் போட்டுக் குழப்பினால், "உனக்குத்தான் மேல்முறையீடு இருக்கிறதே, அங்கே போ" என்று நீதிமன்றம் திருப்பி அனுப்பும் வாய்ப்பு அதிகம். அதற்குள் மேல்முறையீட்டுக் கெடு முடிந்திருக்கும். மாற்று வழி இருந்தாலும் ரிட் கேட்கக்கூடிய சூழ்நிலைகளை 1998-ல் வேர்ல்பூல் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அடிப்படை உரிமை பாதிப்பு, இயற்கை நீதி மீறல் (உங்கள் தரப்பைக் கேட்காமல் முடிவெடுப்பது போன்றவை), அதிகாரமே இல்லாத ஆணை, சட்டமே செல்லாது என்ற கேள்வி. உங்கள் குறை இதில் எதிலும் அடங்காவிட்டால் நேராக மேல்முறையீட்டுக்குப் போவதுதான் புத்தி. எங்களிடம் விளக்கமே கேட்காமல் ஆணை போட்டிருந்தால் ரிட் பொருந்தியிருக்கும். ஆனால் ஒரு நோட்டீஸ் வந்து கோப்பில் தூங்கியது ஆவணத்தில் இருந்ததால் அந்த வாதம் எடுபடாது என்று வக்கீல் விட்டுவிட்டார்.

அதிகாரம் பற்றிய வழக்குகள் வெற்றி பெறாமல் இல்லை. இதே செஸ் சட்டத்தில், பட்டியலில் குறிப்பிட்ட தொழில்களுக்கு மட்டும் வரி என்று இருந்த காலத்தில், 'நாங்கள் அந்தப் பட்டியலில் இல்லை' என்று சொல்லி ஜெயித்தவர்கள் உண்டு. ரேயானுக்கான மரக்கூழ் செய்யும் ஆலை ரசாயனத் தொழிலும் அல்ல, ஜவுளியும் அல்ல, காகிதமும் அல்ல என்று ஆந்திரப் பிரதேச ரேயான்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஏற்றது. சரஸ்வதி சர்க்கரை ஆலை வழக்கில், கரும்பைப் பிழிந்து சர்க்கரை எடுப்பது 'தாவரப் பொருள் பதப்படுத்தும் தொழில்' என்ற தலைப்புக்குள் வராது என்றது. வரிச் சட்டத்தில் எழுத்தில் தெளிவாகச் சொல்லாததை நோக்கம் பார்த்து இழுத்துப் போட முடியாது என்ற கொள்கைக்கு இரண்டும் நல்ல உதாரணங்கள். ஆனால் 2003 திருத்தம் அந்தக் கதவை அடைத்துவிட்டது. நீர்மின் நிலையங்களை மட்டும் விட்டுவிட்டு, தண்ணீர் செலவழிக்கும் எந்தத் தொழிலும் உள்ளே வரும்படி எழுதிவிட்டார்கள். 2003-க்கு முந்தைய தீர்ப்பை அதற்குப் பிந்தைய காலத்து நோட்டீஸுக்கு எதிராகக் காட்டும் பதில்களைப் பார்த்திருக்கிறேன். அதிகாரி ஒரு வரியில் ஒதுக்கிவிடுவார்.

சரி, எங்கள் லாக் புத்தகத்துக்கு வருவோம்.

மீட்டர் காட்டும் அளவே செலவான அளவு, மாறாக நிரூபிக்கும் வரை, என்று அந்தச் சட்டமே அனுமானம் செய்தது. மீட்டர் ஓடினால் அது உங்கள் சாட்சி. ஓடாவிட்டால் எதிர்த் தரப்பு எந்த எண்ணை வேண்டுமானாலும் எடுக்கும், மறுக்க உங்களிடம் ஒன்றும் இருக்காது. எங்கள் மீட்டர் பழுதான மாதங்களுக்கு என்ன செய்வது? ஆழ்குழாய் மோட்டார்களின் மின் நுகர்வு, மோட்டார் ஓடிய நேரத்தை ஆபரேட்டர் எழுதிய ஷிப்ட் குறிப்பு, பாய்லரின் நீராவிப் பதிவு, அந்த மாதம் சாயமேற்றிய துணியின் எடை இவற்றையெல்லாம் எடுத்தோம். மீட்டர் ஒழுங்காக ஓடிய மாதங்களில் ஒரு கிலோ துணிக்கு எத்தனை லிட்டர் என்று பார்த்து, அதே விகிதத்தில் பழுதான மாதங்களின் அளவைக் கணக்கிட்டோம். துல்லியமான கணக்கு என்று சொல்ல மாட்டேன். ஆனால் இசைவாணையின் உச்ச அளவு என்பது செலவே அல்ல, செலவுக்கு ஒரு வரம்பு மட்டும்தான். எங்கள் மதிப்பீடு அதைவிட உண்மைக்கு நெருக்கமானது என்று மேல்முறையீட்டில் எடுத்துச் சொல்ல அது போதுமாக இருந்தது. மீட்டர் பழுதான அன்றே வாரியத்துக்குக் கடிதம் எழுதி, சீல் வைத்த ஒப்புகை வாங்கி வைத்திருந்த ஒரு மாதத்துக்கு மட்டும் பேச்சே எழவில்லை. மற்ற மாதங்களுக்குத்தான் வாதம்.

இன்னொரு சிக்கலைக் கண்டுபிடித்தவர் தண்ணீர், நீராவி, மின்சாரம் பார்க்கும் எங்கள் யுட்டிலிட்டி பிரிவு போர்மேன். சாயப்பிரிவுக்குப் போகும் குழாயின் மீட்டர், கலப்புத் தொட்டிக்குப் பின்னால் பொருத்தப்பட்டிருந்தது. அந்தத் தொட்டியில்தான் ஆர்.ஓ. சுத்திகரிப்பில் கழிவிலிருந்து மீட்ட தண்ணீரும் வந்து சேரும். ஒரே தண்ணீர் மூன்று முறை சுற்றினால் மீட்டர் மூன்று முறை எண்ணும். ஆய்வுக்கு வந்தவர் அந்த மீட்டரைத்தான் குறித்துக்கொண்டு போயிருந்தார். அவரைக் குற்றம் சொல்லவும் முடியாது, மீட்டர் மேல் எந்தத் தண்ணீர் என்று எழுதி ஒட்டியிருக்கவில்லை. மறுசுழற்சி செய்கிற ஆலைகள் எல்லாம் இதைப் பார்த்துக்கொள்ள வேண்டும். தண்ணீர் உள்ளே வரும் இடத்தில் ஒரு மீட்டர், அப்புறம் பாய்லர், கூலிங் டவர், குடியிருப்பு, உற்பத்தி என ஒவ்வொரு கிளைக்கும் ஒன்று, மீட்ட தண்ணீருக்குத் தனியாக ஒன்று. எல்லாவற்றையும் காட்டும் ஒரு வரைபடம், தேதியுடனும் பொறுப்பாளர் கையெழுத்துடனும். கிளை மீட்டர் இல்லாத தண்ணீர் எப்போதும் மிக விலையுயர்ந்த தலைப்பில்தான் போய் விழும். எந்தத் துறையானாலும் இதுதான் நடக்கிறது.

தள்ளுபடி விஷயம் இன்னும் கடினமாக இருந்தது. சுத்திகரிப்பு நிலையம் இருக்கிறது என்பது போதாது. அது சரியாக இயங்கும் காலம் வரைதான் தள்ளுபடி. வெளியேறும் நீர் நிர்ணயித்த தரத்தில் இருக்க வேண்டும். அனுமதித்த அளவுக்கு மேல் தண்ணீர் எடுத்திருக்கவும் கூடாது. இயங்கியது என்பதற்கு என்ன சான்று? சுத்திகரிப்பு நிலையத்துக்கென்று வைத்திருந்த தனி மின் மீட்டர் பெரிய உதவி செய்தது. காற்றூட்டிகள் இரவும் பகலும் ஓடின என்பதை அந்த யூனிட் எண்ணிக்கை காட்டியது. ரசாயனம் வாங்கிய பில்கள், சேறு அகற்றிய ரசீதுகள், மாதாந்திர ஆய்வக அறிக்கைகள் எல்லாம் அதன் பின்னால் வரிசையாக வந்தன. ஆய்வக அறிக்கை இருந்த மாதங்களுக்குத் தள்ளுபடி கிடைத்தது. இல்லாத மாதங்களுக்குக் கிடைக்கவில்லை. அந்த மாதங்களிலும் நிலையம் ஓடியது எனக்குத் தெரியும். எனக்குத் தெரிந்தால் போதாதே.

ஆய்வு அறிக்கையின் நகலை நாங்கள் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் வாங்கினோம். அந்த உரிமை குடிமக்களுக்கானது. அதனால் நிறுவனத்தின் பெயரில் இல்லாமல் ஊழியர் ஒருவர் தன் சொந்தப் பெயரில் விண்ணப்பிப்பது நல்லது. ஆணை வந்த தபால் உறையையும் தூக்கிப் போடாதீர்கள். மேல்முறையீட்டுக் கெடு, ஆணையில் உள்ள தேதியிலிருந்தா, கைக்கு வந்த தேதியிலிருந்தா என்ற கேள்வி எழும்போது அந்த உறையின் முத்திரைதான் பேசும். ஆணையைப் பெற்றுக்கொண்டவர் காவலாளியாக இருந்தால் உள்வரவுப் பதிவேட்டில் அன்றே ஏறியிருக்க வேண்டும்.

மேல்முறையீட்டில் ஆணை ரத்தாகவில்லை, மறு கணக்கீட்டுக்குத் திரும்பியது. பாய்லர், குளிரூட்டல் தண்ணீர் அதற்குரிய தலைப்புக்குப் போனது. சுழற்சி நீர் கழிந்தது. சாயப்பிரிவுத் தண்ணீருக்கு உயர்ந்த விகிதம் நின்றது, அதில் எங்களுக்கும் வாதம் இல்லை. நிர்வாகத்தில் சிலருக்கு இது தோல்வியாகப் பட்டது. எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஒத்துக்கொள்ளும் பாக்கியை ஆரம்பத்திலேயே, 'உரிமையை விட்டுக்கொடுக்காமல் செலுத்துகிறோம்' என்று எழுதிக் கட்டிவிட்டிருந்தோம். அந்தத் தொகைக்கு வட்டி நின்றது. அதோடு, இவர்கள் கட்டாமல் இழுக்கப் பார்க்கிறார்கள் என்று யாரும் சொல்ல முடியவில்லை. இதை நான் எல்லோருக்கும் சொல்வேன். தகராறு உள்ளது எவ்வளவு, இல்லாதது எவ்வளவு என்று பிரித்து, இல்லாததைக் கட்டிவிடுங்கள்.

தடையாணை வாங்கிவிட்டால் பிரச்சினை முடிந்தது என்று நினைப்பவர்களுக்கு 2024-ஐ நினைவூட்ட வேண்டும். தண்ணீர் அல்ல, கனிமம். கனிமம் எடுப்பதற்குக் கட்டும் ராயல்டியின் மீது தமிழ்நாடு போட்ட செஸ்ஸை எதிர்த்து இந்தியா சிமென்ட்ஸ் தொடுத்த வழக்கில், ராயல்டியே ஒரு வரிதான், அதன் மேல் மாநிலம் செஸ் போட முடியாது என்று 1989-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. பல நிறுவனங்கள் பல வருடம் அதை நம்பியிருந்தன. 2024 ஜூலை 25 அன்று ஒன்பது நீதிபதிகள் அமர்வு, எட்டுக்கு ஒன்று என்ற கணக்கில், ராயல்டி வரி அல்ல என்று மாற்றிச் சொன்னது. அடுத்த மாதம் வந்த ஆணையில், 2005 ஏப்ரல் 1 முதலான பாக்கியை மாநிலங்கள் கேட்கலாம், 2026 ஏப்ரலில் தொடங்கிப் பன்னிரண்டு ஆண்டுத் தவணையில் என்றது. 2024 ஜூலை 25-க்கு முந்தைய காலத்துக்கான வட்டியையும் அபராதத்தையும் தள்ளியது மட்டுமே ஆறுதல். எனவே வழக்கில் இருக்கும் தண்ணீர்க் கட்டணத்தைக் கணக்கில் பொறுப்பாகக் காட்டி, அதற்கான பணத்தை ஒதுக்கிவைக்கச் சொல்லி ஆடிட்டர் வற்புறுத்தினால் எரிச்சல்படாதீர்கள்.

எதிர்த் திசையிலும் நடக்கிறது. நீர்மின் நிலையங்கள் மீது இமாசலப் பிரதேசம் 2023-ல் ஒரு தண்ணீர் செஸ் சட்டம் கொண்டுவந்தது. 2024 மார்ச்சில் அந்த மாநில உயர் நீதிமன்றமே அதைச் செல்லாது என்றது. மாநிலங்கள் சட்டம் இயற்றக்கூடிய விஷயங்களை அரசியலமைப்பு அடுக்கும் மாநிலப் பட்டியலில் தண்ணீர் இருக்கிறது என்பது உண்மை. ஆனால் அந்தப் பட்டியலின் பதினேழாம் பதிவு தண்ணீரை ஒழுங்குபடுத்தும் அதிகாரம் தருவது. வரி போட வேண்டுமானால் வரிக்கென்று தனிப் பதிவு வேண்டும். அரசியலமைப்பின் 265-ஆம் பிரிவு, சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் எந்த வரியும் விதிக்கவோ வசூலிக்கவோ கூடாது என்கிறது. நோட்டீஸ் வந்ததும் நான் முதலில் தேடுவது, எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவில் கேட்கிறார்கள் என்பதைத்தான். வெறும் சுற்றறிக்கையைக் காட்டிக் கேட்டால் அதிகாரம் பற்றிய வழக்குக்கு அங்கே இடம் இருக்கிறது.

ஆற்றிலிருந்தோ அணையிலிருந்தோ ஒப்பந்தத்தில் எடுக்கும் தண்ணீருக்கான கட்டணம் இன்னொரு வகை. அது வரியும் அல்ல, சேவைக் கட்டணமும் அல்ல, விலை. சேவைக் கட்டணம் என்றால் கட்டுகிறவருக்கு ஏதோ ஒரு பலன் திரும்ப வர வேண்டும் என்று 1954-லேயே சிரூர் மடம் வழக்கில் பேசப்பட்டது. பிற்காலத் தீர்ப்புகள் அந்த நிபந்தனையைத் தளர்த்திவிட்டன. விலையில் அந்தப் பேச்சே வராது. 'அரசு அவ்வப்போது நிர்ணயிக்கும் விகிதம்' என்று ஒப்பந்தத்தில் ஒரு வரி இருந்தால், விலை உயர்வை எதிர்த்து ஜெயிப்பது கஷ்டம். ஜெயிக்க வாய்ப்புள்ள இடம் குறைந்தபட்ச அளவு. எடுத்தாலும் எடுக்காவிட்டாலும் இத்தனை சதவீதத்துக்குக் கட்ட வேண்டும் என்ற ஷரத்து. ஆற்றில் தண்ணீரே விடாத மாதத்துக்கும் பில் வரும். வாய்க்கால் மூடிய தேதி, திறந்த தேதி, நீங்கள் தண்ணீர் கேட்டு எழுதிய கடிதம் மூன்றும் அந்தந்த மாதமே கோப்பில் ஏற வேண்டும். பின்னால் போய்த் தேடினால் மழைக்கணக்குகூடக் கிடைக்காது.

திரும்பப் பெறுவது பற்றி ஒன்று. வழக்கில் ஜெயித்தால் கட்டிய பணம் தானாகத் திரும்பாது. அந்தச் சுமையை வாடிக்கையாளர் மேல் ஏற்றிவிட்டீர்களா என்று கேட்பார்கள். 1996 டிசம்பரில் மஃபத்லால் வழக்கில் ஒன்பது நீதிபதிகள் சொன்ன கொள்கை அது. விலைப்பட்டியலில் 'தண்ணீர்ச் செஸ்' என்று தனி வரி போட்டு வசூலித்த ஆலைக்கு அந்தக் கேள்விக்குப் பதில் இருக்காது. எங்கள் பில்லிங் பிரிவில் அப்படி ஒரு யோசனை வந்தபோது வேண்டாம் என்று நிறுத்தினேன்.

இப்போது நிலத்தடி நீர். 2020 செப்டம்பர் 24 வழிகாட்டு நெறிகளுக்குப் பிறகு, மத்திய நிலத்தடி நீர் ஆணையத்தின் கட்டுப்பாட்டில் உள்ள மாநிலங்களில் எடுப்புக் கட்டணம் பகுதியைப் பொறுத்து மாறுகிறது. அளவுக்கு மீறிச் சுரண்டப்பட்ட பகுதி என்றால் விகிதம் உயரும், விதியும் இறுகும். நாளொன்றுக்கு 10 கன மீட்டருக்குக் குறைவாக எடுக்கும் குறு, சிறு தொழில்களுக்கு விலக்கு உண்டு. தமிழ்நாடு போன்ற சில மாநிலங்கள் தமக்கென்று தனி ஏற்பாடு வைத்திருக்கின்றன. அனுமதி இல்லாமல் எடுத்தால் சுற்றுச்சூழல் இழப்பீடு என்று தனிக் கணக்கு வரும். அது எடுத்த அளவையும் நாட்களையும் விகிதத்தையும் பெருக்கி வருவது. இங்கே பைசா இல்லை, ரூபாய்.

நான் இப்போது ஆலோசனைக்குப் போகும் இடங்களில் அடிக்கடி பார்க்கும் கோளாறு ஒன்று உண்டு. வாரியத்தின் இசைவாணையில் ஒரு அளவு, நிலத்தடி நீர் அனுமதியில் இன்னொரு அளவு, தண்ணீர் ஒப்பந்தத்தில் மூன்றாவது அளவு. ஒவ்வொன்றையும் வேறு வேறு ஆலோசகர் வேறு வேறு வருடத்தில் எழுதிக் கொடுத்திருப்பார். தகராறு வரும்போது ஒவ்வொரு துறையும் தனக்கு வசதியான எண்ணை எடுத்துக்கொள்ளும். அடுத்த புதுப்பித்தல் விண்ணப்பம் போடும் முன் மூன்றையும் ஒரே மேசையில் வைத்து ஒத்துப்பாருங்கள். மாறுபட்டால் காரணத்தை விளக்கி ஒரு கடிதத்தை விண்ணப்பத்தோடு இணைத்துவிடுங்கள். நோட்டீஸ் வந்த பிறகு எழுதும் விளக்கத்துக்கு அந்த மதிப்பு கிடைப்பதில்லை.